குழந்தைகட்கு எழுத்தறிவித்த மொண்டிசோரி அம்மையார்

எழுத்தறிவிப்பவரைத் தெய்வத்தோடு ஒப்ப வைத்துப் போற்றும் மரபினர் நாம். ஆயினும், மேல் வகுப்பிலே நூல்நயம் உணர்த்திய ஆசிரியரை வாழ்நாள் முழுவதும் நினைந்து புகழும் நாம், அரிவரி வகுப்பிலே நம் கையைப் பிடித்து முதலெழுத்தைக் காட்டிய ஆசிரியரைப் பெரும்பாலும் மறந்துவிடுகின்றோம். கல்லூரியின் பெயரை நாடெங்கும் விளங்கச் செய்த நியாயவாதிகளும், வைத்தியர்களும், பொறியியலாளரும், புலவர்களும் ஒரு காலத்தில் ஓரெழுத்தும் அறியாச் சிறுவராய் இருந்தவர்களே. கல்வி என்னும் மாளிகைக்கு வாயில் அவ்வெழுத்தே. அவ்வாயிலிலே இடறி விழுந்து, மந்தன் என்றும் மூடன் என்றும் பெயர் பெற்று, உள்ளே புகாமலே திரும்பிச் சென்ற பிள்ளைகள் எத்தனை பேர் என்பதை எந்த நாட்டுக் கல்லூரி வரலாறும் எழுதி வைக்கவில்லை.

அவ்வாறு வாயிலில் நின்றுவிட்ட பிள்ளைகளைக் கண்டு இரங்கியதோடு அமையாது, அவர்கள் இடறியதற்குக் காரணம் என்ன என்று ஒரு வைத்தியருக்குரிய நுணுக்கத்தோடு ஆராய்ந்தவர் மரியா மொண்டிசோரி அம்மையார். இலங்கையிலே சிறுவர் பள்ளியை மொண்டிசோரி என்றே வழங்குகின்றோம். பிள்ளையை மொண்டிசோரிக்கு அனுப்பியாயிற்றா என்று அயலவர் வினவுவர். அச்சொல் ஓர் அம்மையாரின் பெயர் என்பதையும், அவர் நம் நாட்டிற்கு வந்து சென்றவர் என்பதையும் அறிந்தவர் சிலரே. ஆதலால், அன்னாரின் சரித்திரத்தைச் சுருக்கமாக இங்கே கூறுவாம்.

பிறப்பும் கல்வியும்

இத்தாலி தேசத்திலே, அங்கோனா நகருக்கு அண்மையிலுள்ள கியாரவல்லே என்னும் சிற்றூரில் 1870ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 31ஆந் திகதி மரியா பிறந்தார். தந்தையார் அலெசாந்துரோ அரசாங்க நிதிப்பகுதியில் உத்தியோகம் பார்த்தவர். தாயார் ரெனில்தே, பெண்கள் பலர் எழுத்தறியாதிருந்த அக்காலத்திலேயே நூல்களை விரும்பிக் கற்றவர். மரியா ஐந்து வயதுப் பிள்ளையாக இருந்தபோது குடும்பம் உரோமாபுரியிற் குடியேறிற்று.

அக்காலத்திற் கல்வி கற்ற பெண்ணுக்கு ஆசிரியத் தொழிலே உரியதென்று கருதினர். மரியாவோ கணிதத்தில் ஈடுபாடு கொண்டு, ஆண்பிள்ளைகளுக்கென அமைந்த தொழினுட்பப் பாடசாலையிற் சேர்ந்தார். எந்திரவியல் பயிலவேண்டுமென்ற எண்ணம் பின்னர் மாறி, வைத்தியம் பயிலும் விருப்பம் எழுந்தது. தந்தையார் அதனை விரும்பவில்லை. தாயாரோ மகளுக்குத் துணை நின்றார். உரோமாபுரிச் சர்வகலாசாலையில் இயற்கை விஞ்ஞானங்களை முதலிற் பயின்று, பின்னர் வைத்தியப் பகுதியிற் புகுந்தார். பிரேதத்தை அறுத்துச் சோதிக்கும் பயிற்சியை ஆடவரோடு உடனிருந்து ஒரு பெண் செய்தல் தகாதென்று கருதப்பட்டமையால், மற்றை மாணவர் சென்ற பின்னர், தனியே அப்பயிற்சியைச் செய்யும்படி விடப்பட்டார். அத்தனை இடர்களையும் பொறுத்து, 1896ஆம் ஆண்டு வைத்தியப் பட்டம் பெற்றார். இத்தாலியில் அப்பட்டம் பெற்ற முதற் பெண்கள் சிலருள் அவரும் ஒருவர். அவ்வாண்டிலேயே பெர்லின் நகரிற் கூடிய சர்வதேச மாதர் மகாநாட்டிலே தம் நாட்டின் சார்பிற் பேசினார்.

ஆசிரியத் தொழில் வேண்டாமென்று விலகிச் சென்றவர், அத்தொழிலுக்கே ஒளியூட்டுபவராக மீண்டு வந்தமை வியப்பிற்குரியது. அதற்கு வழி செய்தது வைத்தியசாலை.

ஒதுக்கப்பட்ட பிள்ளைகள்

பட்டம் பெற்றபின் அம்மையார் சர்வகலாசாலையின் மனநோய்ப் பகுதியிற் பணி செய்தார். அப்பணியின் பொருட்டு உரோமாபுரியிலுள்ள பைத்தியசாலைகளுக்குச் செல்லவேண்டியிருந்தது. புத்தி வளர்ச்சி குன்றிய சிறுவரை அக்காலத்திற் பைத்தியம் பிடித்த முதியவரோடு ஒரே இடத்தில் அடைத்து வைத்திருந்தனர். ஓர் அறையிலே அச்சிறுவர் உணவுண்ட பின்னர் நிலத்திற் சிதறிய பாண்துணுக்குகளைப் பொறுக்குவதைக் காவற்காரி அருவருப்போடு அம்மையாருக்குக் காட்டினாள் என்பர். அம்மையார் அவ்வறையைச் சுற்றிப் பார்த்தார். கையால் எடுத்துத் தொட்டுப் பார்ப்பதற்கு அங்கே அப்பாண்துணுக்குகளையன்றி வேறொரு பொருளும் இல்லை. பிள்ளைகளைத் தூண்டியது வயிற்றுப் பசியன்று, கையின் பசி என்று அவருக்குத் தோன்றிற்று. அம்மையாரின் ஆராய்ச்சி அனைத்திற்கும் வித்து அந்த அறையிலேயே ஊன்றப்பட்டது எனலாம்.

அத்தகைய சிறுவருக்கு வேண்டியது மருந்தைக் காட்டிலும் கல்வியே என்னும் முடிவிற்கு வந்த அம்மையார், அதுபற்றி முன்னர் ஆராய்ந்தவர் யாரென்று தேடினார். பிரான்சு தேசத்திலே, காட்டிற் பிடிக்கப்பட்ட சிறுவன் ஒருவனை மனிதனாக்க முயன்ற ஈத்தார் என்னும் வைத்தியரும், அவர் வழிவந்த செகுவான் என்பவரும் எழுதிய நூல்களைக் கண்டார். படித்த அளவில் அமையவில்லை. அவ்விருவரின் எழுத்துக்களையும் முதலிலிருந்து முடிவுவரை இத்தாலிய மொழியிற் பெயர்த்துத் தம் கையாலேயே எழுதினார். ஒவ்வொரு சொல்லின் பொருளையும் நிறுத்து நோக்குதற்கு அதுவே வழியென்று கருதினார். கை எழுதக் கருத்து ஆழும் என்னும் உண்மையை அவர் பிள்ளைகளுக்கு விதிக்குமுன் தாமே கைக்கொண்டார்.

1900ஆம் ஆண்டில் அத்தகைய சிறுவரின் கல்விக்கென உரோமாபுரியில் ஒரு பயிற்சிக் கலாசாலை நிறுவப்பட்டது. அதன் தலைமையை மற்றொரு வைத்தியரோடு அம்மையாரும் ஏற்றார். பகல் முழுவதும் பிள்ளைகளோடு இருந்து கற்பித்து, இரவிலே அன்று கண்டவற்றை எழுதி ஆராய்ந்தார். அங்கே பதினொரு வயதுச் சிறுமி ஒருத்திக்கு எவ்வளவு முயன்றும் தையல் பழக்க முடியவில்லை. ஊசியை மேலுங் கீழுமாகச் செலுத்துதல் அவளுக்கு இயலவில்லை. அம்மையார் தையலை நிறுத்திவிட்டு, கடதாசிக் கீற்றுக்களை ஒன்றின் மேலும் ஒன்றின் கீழுமாக ஊடுசெலுத்திச் சிறு பாய் முடையும் விளையாட்டைப் பழக்கினார். அது நன்கு வந்தபின் ஊசியைக் கொடுத்தார். சிறுமி தைக்கத் தொடங்கினாள். ஒரு செயலைச் செய்யுமாறு பிள்ளையை ஏவுதற்கு முன், அச்செயலுக்கு வேண்டிய அசைவுகளை வேறொரு வழியால் ஆயத்தஞ் செய்தல் வேண்டும் என்னும் விதி இதிலிருந்து பிறந்தது.

இவ்விதியை எழுத்திற்கும் பொருத்தினார். மரத்தினாற் செய்த எழுத்துக்களை விரலால் தடவித் தடவி அறிந்த அச்சிறுவருட் சிலர், சாதாரணப் பள்ளிப் பிள்ளைகளுக்குரிய வாசிப்பு எழுத்துப் பரீட்சையிலே தேறினர். ஊரார் அதனை அற்புதம் என்றனர். அம்மையாரின் சிந்தனை வேறு வழியிற் சென்றது. குறையுடைய பிள்ளைகள் குறையற்ற பிள்ளைகளை எட்டிப் பிடிக்க முடியுமாயின், குறையற்ற பிள்ளைகளை நம் பள்ளிகள் எத்துணைத் தாழ்வில் வைத்திருக்கின்றன என்று அவர் எண்ணினார். இக்கேள்வியை இன்றும் ஆசிரியர் ஒவ்வொருவரும் தம்மைத் தாமே கேட்டுக்கொள்ளுதல் நன்று.

குழந்தைகள் இல்லம்

1901இல் அக்கலாசாலையை விட்டு விலகி, மீண்டும் மாணவியாகி மெய்யியலும் உளவியலும் பயின்ற அம்மையாருக்கு, குறையற்ற பிள்ளைகளோடு பழகும் வாய்ப்பு எதிர்பாராத திசையிலிருந்து வந்தது. உரோமாபுரியிலே சன் லொரென்சோ என்னும் பகுதி வறியவர் நெருங்கி வாழ்ந்த இடம். கட்டடத் தொழில் நொடித்தபோது அரைகுறையாக விடப்பட்ட வீடுகளை ஒரு சங்கத்தார் வாங்கித் திருத்தித் தொழிலாளர் குடும்பங்களுக்கு வாடகைக்கு விட்டனர். பெற்றோர் வேலைக்குச் சென்றபின் சிறு பிள்ளைகள் படிக்கட்டுகளில் ஓடித் திரிந்து சுவர்களை அழுக்காக்கினர். சுவரைக் காப்பதற்காயினும் பிள்ளைகளை ஓரறையில் வைத்துப் பார்த்தல் வேண்டுமென்று கருதிய சங்கத் தலைவர் தலாமோ என்பவர் அம்மையாரை அழைத்தார். இவ்வாறு 1907ஆம் ஆண்டு சனவரி மாதம் 6ஆந் திகதி முதலாவது குழந்தைகள் இல்லம் திறக்கப்பட்டது. ஏறக்குறைய ஐம்பது பிள்ளைகள். ஏழு வயதிற்கு உட்பட்டவர். பெற்றோர் பலர் எழுத்தறியாதவர்.

அம்மையார் முதலில் இப்பிள்ளைகளுக்கு எழுத்துக் கற்பிக்க எண்ணவில்லை. ஆறு வயதுக்கு முன் எழுத்து வேண்டியதில்லை என்பதே அக்காலத்து அறிஞர் கொள்கை; அவரும் அதனையே கொண்டிருந்தார். சிறுவர் உருளைகளை அளவறிந்து துளைகளிற் பொருத்தினர், நிறங்களை வகைப்படுத்தினர், சொரசொரப்பையும் மென்மையையும் விரலால் உணர்ந்தனர், வட்டம் சதுரம் முதலிய வடிவங்களின் விளிம்பைத் தடவினர். பிள்ளைகளின் வளர்ச்சியைக் கண்ட தாய்மார் சிலர் அம்மையாரிடம் வந்து, எழுத்தும் கற்பிக்கவேண்டுமென்று வேண்டினர். எழுத்தில்லாமையின் துன்பத்தை அனுபவித்து அறிந்தவர்கள் அவர்கள். கொள்கையைக் காட்டிலும் அத்தாய்மாரின் வேண்டுகோள் பெரிதென அம்மையாருக்குப் பட்டது.

முன்னர் வைத்திருந்தவை போன்ற மர எழுத்துக்களைச் செய்து தருவார் எவரும் கிடைத்திலர். ஆகவே அம்மையாரும் உதவியாளரும் கடதாசியில் எழுத்துக்களைக் கத்தரித்தனர். மரத்தைத் தேய்த்து மெருகேற்றுதற்குத் தச்சர் கொள்ளும் மணற்றாளை எழுத்து வடிவாக வெட்டி அட்டைகளில் ஒட்டினர். வறுமையிற் பிறந்த இந்த மணற்றாள் எழுத்து, விலையுயர்ந்த மர எழுத்தினும் சிறந்ததென்று பின்னர் கண்டனர். ஏனெனில், விரல் எழுத்தின் வழியே செல்லும்போது சொரசொரப்பை உணரும். வழி தவறினால் வழவழப்பான அட்டையை உணரும். பிழையை ஆசிரியர் சுட்டவேண்டியதில்லை; விரலே சுட்டும்.

எழுத்து விளைந்த விதம்

அம்மையார் கைக்கொண்ட முறையைச் சிறிது விரித்துக் கூறுதல் வேண்டும். அவரது சரித்திரத்தின் உயிர்நிலை அதுவே.

எழுதுதல் என்பது ஒரு செயலெனத் தோன்றினும், அதனுள் மூன்று செயல்கள் அடங்கியிருத்தலை அவர் கண்டார். எழுதுகோலைப் பிடித்து ஆளும் திறன் ஒன்று. எழுத்தின் வடிவத்தைக் கையும் கண்ணும் அறிதல் மற்றொன்று. பேசும் சொல்லை ஒலிகளாகப் பிரித்து நிரல்பட அமைத்தல் மூன்றாவது. மூன்றையும் ஒருங்கே திணிப்பதாற் பிள்ளை திணறுகின்றது. அவற்றைத் தனித்தனியே ஆயத்தஞ் செய்தால் அவை தாமாகவே ஒன்றுகூடும் என்பது அவர் துணிபு.

கையின் திறனுக்காக, வடிவச் சட்டங்களின் விளிம்பைப் பின்பற்றி நிறக்கோல்களாற் கோடிடும் பயிற்சியை அமைத்தார். வடிவத்திற்காக மணற்றாள் எழுத்து. சுட்டுவிரலையும் நடுவிரலையும் சேர்த்து, எழுதும் திசையிலேயே தடவவேண்டும். தடவும்போது ஆசிரியை அவ்வெழுத்தின் ஒலியைச் சொல்வார், பெயரைச் சொல்வதில்லை. இப்பாடம் மூன்று படிகளாக நடைபெறும். இது இன்ன ஒலி என்று அறிவித்தல் முதற்படி. இன்ன ஒலிக்குரியதை எடுத்துக் காட்டுக எனல் இரண்டாம் படி. இஃது எது என்று வினவுதல் மூன்றாம் படி. பிள்ளை பிழைவிட்டால் கடிந்துரைத்தல் இல்லை, திருத்துதலும் இல்லை. அன்று அப்பிள்ளைக்கு அதற்குரிய நேரம் வரவில்லையென்று கொண்டு, இன்னொரு நாள் அப்பாடத்தை மீளத் தொடங்குதலே விதி.

சொல்லை ஒலிகளாகப் பிரிப்பதற்கு, உயிருக்கு ஒரு நிறமும் மெய்க்கு வேறொரு நிறமுமாக வெட்டிய தனியெழுத்துக்கள் ஒரு பெட்டியிற் கிடக்கும். ஆசிரியை ஒரு சொல்லைத் தெளிவாக உச்சரிப்பார். பிள்ளை அச்சொல்லைத் தானும் சொல்லிப் பார்த்து, ஒலி ஒவ்வொன்றிற்கும் உரிய எழுத்தைத் தேடி எடுத்து வரிசையாக வைக்கும். கைக்கு எழுதும் வலிமை வருமுன்னரே பிள்ளை சொற்களை ஆக்கிற்று.

1907ஆம் ஆண்டு திசெம்பர் மாதத்தில் வெயிலெறித்த ஒரு நாள், அம்மையார் பிள்ளைகளோடு மேன்மாடத்தில் இருந்தார். அருகிருந்த ஐந்து வயதுச் சிறுவனிடம் வெண்கட்டி ஒன்றைக் கொடுத்துப் புகைபோக்கியை வரையும்படி கூறினார். அவன் தரையோட்டில் அதனை வரைந்தான். அம்மையார் பாராட்டவும், அவன் சற்று நேரம் அசையாதிருந்து, பின்னர் தனக்கு எழுத வருகிறதென்று கூவிக்கொண்டு, கை என்னும் பொருளுடைய இத்தாலியச் சொல்லைத் தரையில் எழுதினான். பின்னர் புகைபோக்கி, கூரை என்னும் சொற்களையும் எழுதினான். அவனை ஒருவரும் எழுதச் சொல்லவில்லை. எழுதப் பழக்கவும் இல்லை. கூக்குரல் கேட்டு ஓடிவந்த பிள்ளைகளுட் சிலர் தாமும் வெண்கட்டியை வாங்கி எழுதினர். அதன்பின் பிள்ளைகள் கண்ட இடமெல்லாம் எழுதலாயினர். நீர் நிரம்பிய குளம் கரையுடைத்துப் பாய்ந்தாற் போன்ற இந்நிகழ்ச்சியை அம்மையார் எழுத்தின் வெடிப்பு என்று வழங்கினார். முதற் பயிற்சிக்கும் முதற் சொல்லுக்குமிடையே, நான்கு வயதுப் பிள்ளைக்கு ஒரு மாதம் முதல் ஒன்றரை மாதமும், ஐந்து வயதுப் பிள்ளைக்கு ஏறக்குறைய ஒரு மாதமும் சென்றன என்று அவர் கணக்கிட்டு எழுதினார்.

எழுதிய பிள்ளை உடனே வாசித்துவிடும் என்று கருதற்க. தான் நினைத்த சொல்லை எழுத்தாக்குதல் ஒன்று. பிறர் நினைத்ததை எழுத்திலிருந்து அறிதல் வேறொன்று. எழுத்துக்களை வாயால் ஒலித்துச் செல்வதை அம்மையார் வாசிப்பென ஒப்பவில்லை. பொருள் விளங்கினாலன்றி அது வாசிப்பாகாது. ஆகவே, விளையாட்டுப் பொருள்களின் பெயர்களைச் சீட்டுக்களில் எழுதி மடித்து வைத்தார். சீட்டை எடுத்து வாசித்து, பெயருக்குரிய பொருளைக் காட்டும் பிள்ளைக்கு அப்பொருளோடு விளையாடும் உரிமை உண்டு. நிகழ்ந்ததோ வேறு. பிள்ளைகள் விளையாட்டுப் பொருள்களை ஒதுக்கிவிட்டு, மேலும் மேலும் சீட்டுக்களையே எடுத்து வாசித்தனர். அடுத்ததாக, செய்யவேண்டிய செயல்களைக் கரும்பலகையில் எழுதினார். பிள்ளைகள் வாய்திறவாது வாசித்து, எழுந்து அச்செயலைச் செய்தனர். பிள்ளைக்குப் பொருள் விளங்கிற்றா என்று அறிதற்கு இதனினும் எளிய பரீட்சை உண்டோ?

புகழும் மறுப்பும்

1909இல் அம்மையார் தம் முறையை நூலாக வெளியிட்டார். 1912இல் அது ஆங்கிலத்திற் பெயர்க்கப்பட்டது. 1913இல் அமெரிக்கா சென்றபோது பெருங்கூட்டம் அவரை வரவேற்றது. 1915இல் சன் பிரான்சிஸ்கோ நகரக் கண்காட்சியில், கண்ணாடிச் சுவருக்குள் ஒரு வகுப்பை நடத்திக் காட்டினார். ஆயினும், 1914இல் கில்பாற்றிக் என்னும் அமெரிக்கப் பேராசிரியர் அம்மையாரின் முறையைக் கண்டித்து நூல் எழுதினார். மறுப்புரைகளும் போர்க்காலமும் சேர, அந்நாட்டில் எழுந்த ஆர்வம் சில ஆண்டுகளில் தணிந்தது. இத்தாலிய மொழியில் ஒலியும் எழுத்தும் பெரும்பாலும் ஒத்துச் செல்வன, ஆங்கிலத்தில் அவ்வாறில்லை. ஆதலால், அங்கே பெற்ற விரைவை இங்கே எதிர்பார்த்தவர் ஏமாற்றமடைந்ததிலும் வியப்பில்லை.

பெரியோர் சரித்திரத்தை எழுதுவோர் அவர்தம் வாழ்க்கையின் இருண்ட பக்கங்களை மறைத்தல் முறையன்று. 1924 முதல் முசோலினியின் அரசாங்கம் அம்மையாரின் பள்ளிகளுக்கு ஆதரவளித்தது. அவ்வாதரவை அவர் ஏற்றார். பிள்ளையின் சுதந்திரத்தைப் போற்றியவர் சுதந்திரத்தை நசுக்கிய ஆட்சியின் நிழலிற் சில காலம் தங்கியமை வருந்தத்தக்கதே. அவ்வுறவு நிலைக்கவில்லை. 1934இல் முறிவு ஏற்பட, இத்தாலியில் அவர் பள்ளிகள் மூடப்பட்டன. ஜேர்மனியிலும் இட்லரின் ஆட்சி அவற்றை மூடிற்று. ஸ்பெயினில் வாழ்ந்த அம்மையார், 1936இல் அங்கே உள்நாட்டுப் போர் மூண்டதும் வெளியேறி, ஒல்லாந்தில் அடைக்கலம் புகுந்தார்.

இன்னொரு துயரமும் அவர் வாழ்வில் இருந்தது. 1898இல் அவருக்கு ஓர் ஆண்மகவு பிறந்தது. மணவாழ்வுக்குப் புறம்பே பிறந்தமையால், அக்காலச் சமூகத்திற்கு அஞ்சி அம்மகவை நாட்டுப்புறத்துக் குடும்பம் ஒன்றில் வளர்க்கவேண்டியதாயிற்று. உலகத்துப் பிள்ளைகளையெல்லாம் உற்று நோக்கிய கண்கள், தம் பிள்ளையின் மழலைப் பருவத்தை உடனிருந்து காணவில்லை. தம் தாயார் 1912இல் இறந்தபின்னரே மைந்தன் மாரியோவைத் தம்மோடு சேர்த்துக்கொண்டார். அப்பொழுதும் அவரை மகன் என்று வெளிப்படையாகச் சொல்ல இயலவில்லை.

பாரதத்திலும் இலங்கையிலும்

1939ஆம் ஆண்டு, பிரமஞான சங்கத்தின் தலைவர் அருண்டேல் அவர்களும் அவர்தம் துணைவியார் ருக்மிணி தேவி அவர்களும் அழைக்க, அம்மையார் மாரியோவுடன் சென்னை அடையாறு வந்து சேர்ந்தார். அப்பொழுது அவருக்கு வயது 69. முந்நூற்றுக்கு மேற்பட்டோர் அவரது முதற் பயிற்சி வகுப்பிற் சேர்ந்தனர். அம்மையார் இத்தாலிய மொழியிற் பேச, மாரியோ ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். சில மாதங்கள் தங்கித் திரும்புவதே கருத்து. 1940 யூன் மாதம் இத்தாலி போரிற் புகுந்ததும், பிரித்தானிய அரசினர் அவர்களைப் பகைநாட்டினராகக் கொண்டு, மாரியோவைத் தடுப்பு முகாமில் வைத்தனர். அம்மையாரை அடையாற்றின் எல்லைக்குள் இருக்கச் செய்தனர். அவ்வாண்டு ஆகஸ்டு 31ஆந் திகதி, அம்மையாரின் எழுபதாம் பிறந்தநாளன்று, மகனை விடுவிப்பதே பிறந்தநாட் பரிசென்று அரசப்பிரதிநிதி தந்தி அனுப்பினார். நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக வாய்விட்டுச் சொல்லப்படாத மகன் என்னும் சொல், அந்நிய அரசின் தந்தியில் எழுத்தாக வந்தது.

போர்க்காலத்தில் ஏறக்குறைய இரண்டாண்டுகள் கோடைக்கானலில் வாழ்ந்து, சிறுவரோடு பழகி, தம் கொள்கைகளை அம்மையார் விரிவுபடுத்தினார். 1944இல் இலங்கைக்கு வந்து பயிற்சி வகுப்பொன்றை நடத்தினார். இந்தியாவில் அவரிடம் பயின்ற ஆசிரியர் ஆயிரத்துக்கு மேற்பட்டவர். 1946இல் ஐரோப்பா திரும்பினார். மறு ஆண்டே மீண்டும் இந்தியா வந்தார். பிள்ளையின் உள்ளம் சூழலை உறிஞ்சி வளரும் தன்மையை விளக்கும் அவரது நூல் 1949இல் சென்னையிலேயே வெளிவந்தது. சமாதானத்திற்கான நோபல் பரிசுக்கு 1949, 1950, 1951 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் அவர் பெயர் முன்மொழியப்பட்டது, பரிசு கிட்டவில்லை. 1952ஆம் ஆண்டு மே மாதம் 6ஆந் திகதி, ஒல்லாந்தின் கடற்கரையூராகிய நோர்ட்வைக்கில், தமது 81ஆம் வயதில் அவ்வுயிர் பிரிந்தது. தம் உடலைத் தாய்நாட்டுக்குக் கொண்டு செல்லவேண்டாம், இறந்த இடத்திலேயே அடக்குக என்று சொல்லி வைத்தவாறே, அங்கேயே அடக்கஞ் செய்யப்பட்டார்.

பின்வந்தோர் கண்டவை

நிற்க. அம்மையார் கண்டது உண்மைதானா, அன்றி அன்பு மிகுதியாற் கொண்ட மயக்கமா என்று பின்வந்தோர் ஆராய்ந்தனர். ஆங்கிலம் பேசும் நாடுகளிலே பல்லாண்டுகள், சொல்லை முழுமையாகப் பார்த்து மனத்திற் பதிக்கும் முறையே மேலோங்கியிருந்தது. 1967இல் ஜீன் சால் என்னும் அமெரிக்க அறிஞர் அதுவரை நடந்த ஆராய்ச்சிகளைத் தொகுத்து நோக்கி, எழுத்திற்கும் ஒலிக்குமுள்ள தொடர்பைத் தொடக்கத்திலேயே கற்பித்தல் நன்றென்று நிறுவினார். 2000ஆம் ஆண்டில் அமெரிக்க அரசு நியமித்த குழுவும் அம்முடிவையே உறுதிசெய்தது. 2004இல் பிரான்சு தேசத்து ஆராய்ச்சியாளர், எழுத்தைக் கண்ணாற் பார்ப்பதோடு விரலாலும் தொட்டறிந்த ஐந்து வயதுச் சிறுவர் சொற்களை வாசிப்பதிற் கூடிய முன்னேற்றம் அடைந்ததைக் கண்டனர். 2006இல், மில்வாக்கி நகரிலே திருவுளச்சீட்டு மூலம் மொண்டிசோரிப் பள்ளியில் இடம்பெற்ற சிறுவரையும் இடம்பெறாத சிறுவரையும் ஒப்பிட்டபோது, ஐந்து வயதினருள் முன்னையவரே எழுத்தையும் சொல்லையும் அறிவதில் மேம்பட்டிருந்தனர்.

முழுவதும் அம்மையார்க்குச் சாதகமாகவே முடிந்ததென்று கூறுதல் பொருந்தாது. 2012இல் அமெரிக்காவில் எழுத்தறியாச் சிறுவரின் மூளையை ஆராய்ந்தவர்கள், எழுத்தைத் தாமே எழுதிப் பழகியபோதே வாசிப்பிற்குரிய மூளைப் பகுதிகள் விழித்தெழுந்தன என்றும், புள்ளியிட்ட வடிவத்தின் மேற் கோடிழுத்தபோதும் தட்டச்சுப் பொறியை அழுத்தியபோதும் அவ்வாறு நிகழவில்லை என்றும் கண்டனர். ஆகவே, தடவுதலோடு நின்றுவிடாது, பிள்ளை தானே எழுத்தை ஆக்கும் நிலைக்குச் செல்லுதல் வேண்டும்.

நாம் கொள்ளற்பாலன

விசயதசமி நாளில் ஏடு தொடக்கும்போது, பிள்ளையின் விரலைப் பற்றி அரிசியில் எழுதுவிக்கின்றோம். அக்காலத் திண்ணைப் பள்ளிகளில் மணலில் விரலால் எழுதினர். விரல் வழியே எழுத்து உட்புகும் என்பதை நம் முன்னோரும் உணர்ந்திருந்தனர். ஆயினும், அரிசியில் எழுதிய விரலை மறுநாளே மடக்கி வைத்துவிட்டு, ஆனா ஆவன்னா என்று பெயர்களை ஓதுவிக்கத் தொடங்குகின்றோம். தமிழெழுத்து 247 என்று கேட்ட அளவிலேயே பெற்றோர் மலைப்பர். உயிர் 12, மெய் 18, இவை கூடிப் பிறப்பனவே 216 உயிர்மெய் என்பதை நன்னூல் கற்பிக்கும்போது கூறுகின்றோம். அரிவரிப் பிள்ளைக்கு ஒலியாலும் கையாலும் உணர்த்துகின்றோமா? உணர்த்தினால், 247 வடிவங்களைத் தனித்தனியே சுமக்கும் பாரம் அப்பிள்ளைக்கு இல்லை.

மற்றொன்றையும் நினைத்தல் தகும். அம்மையாரின் முறை வறியவர் குடியிருப்பில், வெட்டிய கடதாசியிலும் மணற்றாளிலும் பிறந்தது. அவர் பெயரைத் தாங்கிய பள்ளிகள் பல இன்று செல்வர் பிள்ளைகளுக்கே எட்டுவனவாயுள்ளன. வேறு பல, பெயர்ப்பலகையில் மாத்திரம் அவரை வைத்திருக்கின்றன. பழைய மாணவராகிய அன்பர்கள் தத்தம் ஊர்ப் பாலர் வகுப்புக்கு ஓர் அட்டைக் கட்டும் மணற்றாளும் வாங்கிக் கொடுப்பதாயின், அது பெருஞ்செலவன்று.

ஆசிரிய நண்பர்களுக்கு அம்மையார் விட்டுச் சென்ற செல்வம் அட்டையும் பெட்டியும் மாத்திரமன்று. வாசிக்க இயலாத பிள்ளையைக் காணும்போது, குறை பிள்ளையிடம் உள்ளதென்று தீர்ப்பளிக்குமுன், நம் கற்பிக்கும் வழியில் எந்தப் படி தவறிற்று என்று அமைதியாக உற்றுநோக்கும் பழக்கமே அச்செல்வம். ஆராய்ச்சி என்பது சர்வகலாசாலைக்கே உரியதென்று எண்ணற்க. பைத்தியசாலை அறையிலே பாண்துணுக்கைப் பொறுக்கிய சிறுவனின் கையை ஒருவர் கூர்ந்து பார்த்ததிலிருந்தே இத்தனையும் விளைந்தன. அரிவரி வகுப்பின் பின் வாங்கிலே, பேசாது, புத்தகத்தைத் தலைகீழாய்ப் பிடித்தபடி இன்றும் ஒரு பிள்ளை இருக்கக்கூடும். அப்பிள்ளையின் கையை நாமும் உற்று நோக்குவோமாக. அதுவே அம்மையார்க்கு நாம் செய்யும் அஞ்சலி.